கொடுத்த பிறகு

ஒருவர் இன்னொருவருக்குப் பெரிய உதவி செய்துவிட்டார் என்ற செய்தி காதில் விழுந்ததும் எழும் முதல் கேள்வி, 'ஏன் செய்தார்?' என்பதுதான். பேருக்காகவா, புண்ணியத்துக்காகவா, நாளைக்கு ஏதாவது காரியம் ஆக வேண்டியிருக்கிறதா, அல்லது உண்மையிலேயே மனம் இரங்கித்தான் செய்தாரா என்று ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். கேள்வி நியாயமானதே. ஆனால் அது பாதிக் கேள்வி என்று எனக்குத் தோன்றுகிறது. கொடுத்த பிறகு வரும் ஆண்டுகளில் அந்த இருவருக்கும் நடுவே என்ன நடக்கிறது, வாங்கியவரால் தலை நிமிர்ந்து பேச முடிகிறதா, 'மாட்டேன்' என்று சொல்ல முடிகிறதா என்பதைக் கவனித்தால்தான் அந்தக் கொடையைப் பற்றி எதுவும் உறுதியாகச் சொல்ல முடியும்.

நோக்கத்தைச் சந்தேகிக்கும் பழக்கம் மிகப் பழையது. புறநானூற்றின் 134ஆம் பாடலில் உறையூர் ஏணிச்சேரி முடமோசியார், ஆய் அண்டிரனை 'அறவிலை வணிகன்' அல்லன் என்று புகழ்கிறார். இந்தப் பிறவியில் கொடுத்தால் அடுத்த பிறவியில் திரும்ப வரும் என்று கணக்குப் போட்டு அறத்தை விலைக்கு வாங்குகிறவர்கள் அன்றைக்கும் கண்ணில் படும்படி இருந்திருந்தால்தான், ஒருவனை 'இவன் அவர்களைப் போன்றவன் இல்லை' என்று பாராட்ட முடியும். பிறகு ஆய் எதற்காகத்தான் கொடுத்தான்? அவனுடைய உள்ளம் கருணையால் உருகியது என்று புலவர் சொல்லவில்லை. சான்றோர் போன வழி அது, அதனால் அவன் கையும் அந்த வழியில் போயிற்று என்று மட்டும் சொல்கிறார். எனக்கு இந்த விடை மிகவும் பிடிக்கும். வீட்டிலோ சுற்றத்திலோ யாரோ கொடுப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள், ஒவ்வொரு முறையும் தம் மனத்தைத் துருவிப் பார்த்துவிட்டுக் கொடுப்பதில்லை. கை நீள்கிறது, அவ்வளவுதான்.

பொருளியல் அறிஞர் ஜேம்ஸ் ஆண்ட்ரியோனி 1990இல் வெளியிட்ட ஆய்வுக் கட்டுரையில் இதே விஷயத்தை வேறு வழியாக அணுகினார். பிறர் துயர் தீர வேண்டும் என்பது மட்டுமே கொடுப்பவரின் நோக்கமாக இருந்தால், அந்தத் துயரை அரசாங்கமே தீர்க்க முன்வரும்போது அவர் தம் பங்கை அதே அளவுக்குக் குறைத்துக்கொள்ள வேண்டும். நடைமுறையில் அப்படி முழுதாகக் குறைவதில்லை. ஆகவே கொடுக்கும் செயலிலேயே கொடுப்பவருக்கு ஓர் இதமான நிறைவு கிடைக்கிறது என்பது அவருடைய வாதம். 2008இல் 'சயன்ஸ்' இதழில் எலிசபெத் டன், லாரா ஏக்னின், மைக்கேல் நார்ட்டன் ஆகியோர் வெளியிட்ட ஆய்வில், காலையில் சிலரிடம் பணத்தைக் கொடுத்து மாலைக்குள் செலவழிக்கச் சொன்னார்கள். தமக்கென்று செலவழித்தவர்களைவிடப் பிறருக்காகச் செலவழித்தவர்கள் மாலையில் அதிக மகிழ்ச்சியோடு இருந்தார்கள். தொகை சிறியதா பெரியதா என்பதால் வேறுபாடு எதுவும் இல்லை.

இதைச் சொல்லிவிட்டு, 'பார்த்தீர்களா, எல்லாம் சுயநலம்தான்' என்று முடிக்கிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பிறர் வயிறு நிறைவதைக் கண்டு நமக்கு மனம் நிறைகிறது என்றால், அப்படி ஒரு மனம் வாய்த்திருப்பதற்கு நன்றி சொல்ல வேண்டுமே தவிர, அதை மோசடியாகப் பார்க்க வேண்டியதில்லை. வேண்டா வெறுப்பாகக் கொடுத்ததை வாங்க நேர்ந்தவர்களைக் கேட்டால் தெரியும், கொடுத்தவரின் முகத்தில் மகிழ்ச்சி இருப்பது எத்தனை பெரிய ஆறுதல் என்று. தவிரவும், நோக்கம் என்பது ஒற்றையாக இருப்பதே அரிது. பழைய குற்ற உணர்ச்சி, கஞ்சன் என்று பெயர் வாங்கிவிடுவோமோ என்ற பயம், நம் சிறு வயதில் நமக்குக் கிடைக்காததை இன்னொரு குழந்தையாவது பெறட்டும் என்ற ஆசை, நெருங்கி வர வேறு வழி தெரியாத பாசம் என எல்லாம் ஒரே உதவிக்குள் இருக்கலாம். செய்தவரையே உட்கார வைத்துக் கேட்டாலும் அவருக்குப் பிரித்துச் சொல்லத் தெரியாது.

எனக்கு நெருக்கமான தோழி ஒருத்தியின் கதையைச் சொன்னால் இது விளங்கும். அவள் பள்ளி இறுதி வகுப்பில் இருந்தபோது அவளுடைய அப்பா இறந்துவிட்டார். யாரும் கேட்காமலே அவளுடைய தாய்மாமா வந்து, "அக்கா, அவ படிப்பை நான் பாத்துக்கறேன். நீ அதைப் பத்திக் கவலைப்படாதே" என்று சொன்னார், சொன்னபடியே கடைசி வரை கட்டணம் கட்டினார். ஒவ்வொரு பருவத்திலும் பணம் கட்டிய ரசீதைத் தாமே கொண்டுவந்து, மேஜை மேல் வைத்து, பறந்துவிடாமல் இருக்க அதன் மேல் ஒரு புத்தகத்தையும் வைத்துவிட்டுப் போவார். பணத்தைத் திருப்பிக் கேட்டதே இல்லை. ஆனால் வீட்டுக்கு யார் வந்தாலும் அவளைக் கூப்பிட்டு நிறுத்தி, "இதான் நான் படிக்க வச்ச பொண்ணு" என்பார். அவள் சிரித்துக்கொண்டு நிற்பாள். படிப்பு முடிந்ததும் வேறு ஊரில் அவள் மிகவும் விரும்பிய வேலை ஒன்று கிடைத்தது. அந்தச் செய்தி மாமாவுக்கு வேறு யாரோ சொல்லித் தெரிய வந்தது. "என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லணும்னு தோணலையே" என்றார், அவ்வளவுதான். போகாதே என்று அவர் சொல்லவே இல்லை. அவள் போகவில்லை. மாமா மனம் நோகக் கூடாது என்று அம்மா சொன்னாள். அவளும் உள்ளூரிலேயே ஒரு வேலையைத் தேடிக்கொண்டாள்.

அந்த மாமாவைக் கெட்டவர் என்று சொல்ல எனக்கு மனம் வராது. அவருடைய படிப்பு பாதியில் நின்றுபோனது. சிறு வயதில் அவரைத் தூக்கி வளர்த்தது அந்த அக்காதான். அக்காவுக்குப் பட்டிருந்த கடனை அக்காவின் மகளிடம் தீர்த்துவிட்ட நிம்மதி அவருக்கு. அவர் கணக்கில் ஒரு கடன் அடைந்த அதே நாளில், அவள் கணக்கில் ஒரு கடன் தொடங்கியது. அதை அவர் கவனிக்கவில்லை. தான் கொடுத்ததைப் பாசம் என்றே அவர் நினைத்தார், அது பாசம்தான். 'என்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே' என்ற வருத்தமும் பாசத்திலிருந்து வந்ததுதான். ஆனால் அந்த வருத்தத்துக்கு ஒரு வேலையை நிறுத்தும் வலிமை இருந்தது, அந்த வலிமை ரசீதுகளிலிருந்து வந்தது.

பிரெஞ்சு மானிடவியலாளர் மார்செல் மோஸ் 1925இல் வெளியிட்ட கொடை பற்றிய ஆய்வில், பல சமூகங்களை ஒப்பிட்டு, பரிசு என்பது மூன்று கடமைகளைக் கொண்டது என்று காட்டினார். கொடுக்க வேண்டும், கொடுப்பதை ஏற்க வேண்டும், பிறகு திருப்பிச் செய்ய வேண்டும். இவற்றில் மூன்றாவதைச் செய்ய முடியாதபடி ஒருவர் மாட்டிக்கொள்ளும்போது அவர் கொடுத்தவருக்குக் கீழே நிற்கத் தொடங்குகிறார். பணமாகத் திருப்ப முடியாததை மக்கள் வேறு உருவில் திருப்புவார்கள்: பணிவாக, பேசாமல் இருப்பதாக, ஒத்துப்போவதாக, விரும்பிய வேலையை விட்டுவிடுவதாக. எதுவும் எதிர்பார்க்காமல் கொடுத்தேன் என்று கொடுத்தவர் மனதாரச் சொல்லலாம். அப்போதும் வாங்கியவர் தம்மால் முடிந்த ஏதோ ஒரு வகையில் திருப்பிக்கொண்டேதான் இருப்பார்.

காலம் போகப் போக இது இன்னும் சிக்கலாகிறது. ஒரே இடத்தில் வேலை பார்ப்பவர்கள் ஒருவருக்கொருவர் செய்துகொள்ளும் உதவிகளை ஆராய்ந்த ஃபிரான்சிஸ் ஃபிளின், 2003இல் வெளியிட்ட கட்டுரையில் ஒரு முக்கியமான செய்தியைச் சொன்னார். உதவி நடந்த உடனே, செய்தவரைவிடப் பெற்றவர்தான் அதை உயர்வாக மதிக்கிறார். நாளாக ஆக, பெற்றவரின் மனத்தில் அதன் மதிப்பு குறைகிறது. செய்தவரின் மனத்திலோ கூடிக்கொண்டே போகிறது. இதைப் படித்தபோது எத்தனையோ குடும்பச் சண்டைகளின் காரணம் எனக்குப் பிடிபட்டது. 'செய்ததை எல்லாம் மறந்துட்டான்' என்று ஒருவரும், 'இன்னும் எத்தனை காலத்துக்குத்தான் சொல்லிக் காட்டுவாங்க' என்று இன்னொருவரும் சொல்லும்போது, இருவருமே பொய் சொல்லவில்லை. இருவருடைய நினைவிலும் ஒரே உதவி இரு வேறு திசைகளில் நகர்ந்திருக்கிறது.

திருப்பித் தரவே முடியாத கொடை ஒன்று உண்டு. 1954 டிசம்பர் 23 அன்று பாஸ்டனில் ஜோசப் மரே தலைமையிலான மருத்துவர்கள், ரொனால்ட் ஹெரிக் என்பவரின் சிறுநீரகத்தை எடுத்து அவருடைய இரட்டைச் சகோதரர் ரிச்சர்டுக்குப் பொருத்தினார்கள். வெற்றி பெற்ற முதல் சிறுநீரக மாற்று அறுவை அதுதான். அறுவைக்கு முந்தைய இரவு ரிச்சர்ட் தம் சகோதரருக்கு ஒரு துண்டுச் சீட்டு எழுதி அனுப்பினார்: இங்கிருந்து கிளம்பி வீட்டுக்குப் போய்விடு. ரொனால்ட் எழுதிய பதில்: வந்துவிட்டேன், இங்கேயேதான் இருப்பேன். ரிச்சர்ட் அதன் பிறகு எட்டு ஆண்டுகள் வாழ்ந்தார். தம்மைக் கவனித்துக்கொண்ட செவிலியரையே மணந்து, இரண்டு குழந்தைகளுக்குத் தந்தையும் ஆனார். சாகக் கிடந்த ஒருவர், தம்மைப் பிழைக்க வைக்க வந்தவரைத் திரும்பிப் போகச் சொன்னதை நான் அடிக்கடி நினைத்துப் பார்ப்பதுண்டு. இப்போதும் விலகிக்கொள்ளலாம், விலகினால் உன்மேல் எனக்கு வருத்தமில்லை என்று கொடுப்பவருக்கு ஒரு கதவைத் திறந்து வைத்தது அந்தச் சீட்டு. ரொனால்டின் பதில், திறந்த கதவுக்கு முன்னால் நின்று கொடுத்த பதில். அதனால்தான் அதற்கு அத்தனை மதிப்பு.

எல்லாக் குடும்பங்களிலும் அந்தக் கதவு திறந்திருப்பதில்லை. உயிரோடிருக்கும் உறவினர் உறுப்பு கொடுக்க முன்வரும்போது, மருத்துவக் குழுவினர் அவரைத் தனியே அழைத்துப் பேசுவதற்கு ஒரு காரணம் உண்டு. சுற்றியிருப்பவர்களின் எதிர்பார்ப்புக்குப் பயந்து தலையாட்டியவர், தனிமையில் 'எனக்கு விருப்பமில்லை' என்று சொல்லக்கூடும். அப்படிச் சொன்னால் பல இடங்களில் மருத்துவர்கள் குடும்பத்தாரிடம் காரணத்தைச் சொல்லாமல், இவர் கொடுப்பதற்குப் பொருத்தமானவர் இல்லை என்று மட்டும் பொதுவாகத் தெரிவித்துவிடுகிறார்கள். மறுத்தவர் என்ற பழி அவர்மேல் விழாமல் காக்கும் அந்த ஏற்பாட்டை நான் கருணையாகவே பார்க்கிறேன். வற்புறுத்திப் பெற்ற தியாகம், கொடுத்தவருக்கும் பெற்றவருக்கும் ஆயுள் முழுக்க வேதனையாக நிற்கும்.

மனமுவந்து கொடுத்தாலும் பாரம் தீர்ந்துவிடுவதில்லை. உறுப்பு மாற்றுச் சிகிச்சை பெற்றவர்களை நெடுங்காலம் ஆராய்ந்த ரெனே ஃபாக்ஸ், ஜூடித் ஸ்வேசி என்ற இரு அமெரிக்க அறிஞர்கள், திருப்பிச் செலுத்தவே முடியாத அந்த நிலையைக் 'கொடையின் கொடுங்கோன்மை' என்றே குறிப்பிட்டார்கள். கொடுத்தவரும் பெற்றவரும் கடன் கொடுத்தவரும் வாங்கியவரும் போலப் பிணைந்துபோய், ஒருவரை ஒருவர் விட்டு விலகித் தத்தம் வாழ்க்கையை வாழ முடியாமல் தவித்ததை அவர்கள் பதிவு செய்தார்கள். இறந்தவரின் உறுப்பைப் பெறும்போது இரு குடும்பங்களுக்கும் ஒருவர் பெயரை இன்னொருவருக்குத் தெரிவிக்காத வழக்கம் பல நாடுகளில் இருப்பதற்கு இந்தச் சுமையும் ஒரு காரணம்.

அப்படியானால் முகம் காட்டாமல் கொடுப்பதுதான் சிறந்ததா? 12ஆம் நூற்றாண்டின் யூத அறிஞர் மைமோனிடீஸ் கொடையை எட்டுப் படிகளாக வகுத்தபோது, யார் கொடுத்தார் என்று வாங்கியவருக்கும், யார் வாங்கினார் என்று கொடுத்தவருக்கும் தெரியாத கொடையை மேலிருந்து இரண்டாவது படியில் வைத்தார். பிரிட்டிஷ் சமூக ஆய்வாளர் ரிச்சர்ட் டிட்மஸ் 1970இல் தாமாக முன்வந்து செய்யும் ரத்த தானத்தைப் பற்றி எழுதியபோது, முன்பின் தெரியாத ஒருவருக்குக் கொடுப்பதில் உள்ள விடுதலையை வலியுறுத்தினார். அந்நியர்களுக்கு நடுவே இது சரியென்றே நானும் நினைக்கிறேன். யார் ரத்தம் தன் உடம்பில் ஓடுகிறது என்று தெரியாதவர் யாருக்கும் தலைகுனிய வேண்டியதில்லை.

ஆனால் தெரிந்தவர்களுக்குள் கதையே வேறு. புறநானூற்றின் 208ஆம் பாடலில் பெருஞ்சித்திரனார் பல குன்றுகளையும் மலைகளையும் கடந்து அதியமானைப் பார்க்கப் போகிறார். அவன் அவரை நேரில் காணாமலே, இதைக் கொண்டு போகட்டும் என்று பரிசிலை மட்டும் அனுப்பி வைக்கிறான். புலவர் ஏற்க மறுக்கிறார். 'காணாது ஈத்த இப்பொருட்கு யானோர் வாணிகப் பரிசிலன் அல்லேன்' என்று சொல்லிவிட்டு, தம் தகுதியை அறிந்து விரும்பிக் கொடுத்தால் தினையளவு கொடுத்தாலும் இனிது என்கிறார். அவருக்கு வறுமை புதிதில்லை. ஆயினும் பெற வந்தவரின் முகத்தைப் பார்க்காமல் பொருளைத் தள்ளிவிடுவது அவரை அவமதித்தது. நம்மைச் சுற்றியும் இது நடக்கிறது. பேச வேண்டிய இடத்தில் பணம் அனுப்பிவிடும் பிள்ளைகளும், துக்கத்தில் இருப்பவரின் பக்கத்தில் உட்காரத் துணியாமல் செலவை மட்டும் ஏற்றுக்கொள்ளும் நண்பர்களும் உண்டு. அவர்கள் தாராளமானவர்கள்தான்; அந்தத் தாராளம் நெருங்காமல் இருப்பதற்கு அவர்கள் கொடுக்கும் விலையாகிவிடுகிறது.

மைமோனிடீஸ் முதற்படியில் வைத்தது மறைவான கொடையை இல்லை. கடனாகவோ கூட்டுத் தொழிலாகவோ வேலையாகவோ கொடுத்து, ஒருவர் மறுபடி யாரிடமும் கேட்க வேண்டாத நிலைக்கு அவரைக் கொண்டுவருவதைத்தான் எல்லாவற்றுக்கும் மேலாக வைத்தார். அதை நேரில் பார்த்தபோதுதான் ஏன் என்று எனக்குப் புரிந்தது. எனக்குத் தெரிந்த ஓர் அம்மாள், தம்மிடம் வேலை பார்த்துவிட்டு நின்றுபோன ஓர் இளம்பெண்ணுக்குத் தையல் தொழில் தொடங்கப் பணம் கொடுத்தார். சும்மா கொடுத்திருக்கலாம், அவருக்கு அது ஒரு பொருட்டே இல்லை. ஆனால் கடன் என்று சொல்லிக் கொடுத்தார். அந்தப் பெண் ஒருநாள், "இந்த மாசம் இவ்வளவுதான்மா முடிஞ்சது" என்று கசங்கிய சில நோட்டுகளை நீட்டியபோது நான் பக்கத்தில் இருந்தேன். வேண்டாம் வச்சுக்கோ என்று அம்மாள் சொல்லிவிடுவார் என்றே நினைத்தேன். அவர் நோட்டுகளை விரித்து எண்ணி, ஒரு குறிப்பேட்டில் தேதியோடு எழுதி, மீதி எவ்வளவு என்பதையும் சத்தமாகச் சொல்லி, அந்தப் பெண்ணையே அதில் கையெழுத்துப் போடச் சொன்னார். பிறகு, தாம் வாங்கி வைத்திருந்த துணி ஒன்றை எடுத்துக் காட்டி, "இதுக்கு என்ன கூலி சொல்றே?" என்று கேட்டார். பெண் சொன்ன கூலியைப் பேரம் பேசாமல் ஒப்புக்கொண்டார். கடன் கொடுத்தவரும் கடனாளியுமாக உட்கார்ந்திருந்தவர்கள், அந்தக் கேள்விக்குப் பிறகு வாடிக்கையாளரும் தையற்காரியுமாக எழுந்தார்கள். கணக்கை எழுதியது கறார் என்று சிலருக்குத் தோன்றலாம். கணக்கு எழுதப்பட்டால்தான் அது ஒருநாள் முடியும். எழுதாத கணக்குக்கு முடிவே இல்லை.

கொடுப்பதைப் பற்றி இவ்வளவு பேசுகிற நாம், வாங்கிக்கொள்வதைப் பற்றிப் போதுமான அளவு பேசுவதில்லை. பெஞ்சமின் ஃபிராங்க்ளின் தம் தன்வரலாற்றில் ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறார். பென்சில்வேனியா சட்டமன்றத்தில் அவரை எதிர்த்துப் பேசிய புதிய உறுப்பினர் ஒருவரிடம், அவரிடமிருந்த அரிய நூல் ஒன்றைச் சில நாள்களுக்கு இரவலாகக் கேட்டுச் சீட்டு அனுப்பினார். நூல் உடனே வந்தது. ஒரு வாரம் கழித்து நன்றியோடு திருப்பி அனுப்பினார். அடுத்த முறை பார்த்தபோது அந்த உறுப்பினர் தாமாக வந்து பேசினார். அந்த நட்பு அவர் இறக்கும் வரை நீடித்தது. 1969இல் ஜான் ஜெக்கர், டேவிட் லாண்டி என்ற உளவியலாளர்கள் இதைச் சோதித்துப் பார்த்தபோதும், ஆய்வாளர் நேரில் கேட்டுக்கொண்டதற்காகத் தாம் வென்ற பணத்தைத் திருப்பிக் கொடுத்தவர்களுக்குத்தான், கேட்கப்படாதவர்களைவிட, அவரை அதிகம் பிடித்திருந்தது. கொடுக்கும் வாய்ப்பை இன்னொருவருக்கு உண்டாக்கித் தருவதும் ஒரு கொடை என்பதை இதிலிருந்து நான் எடுத்துக்கொள்கிறேன். எப்போதும் கொடுத்துக்கொண்டே இருந்து, யார் எதைக் கொடுத்தாலும் 'எனக்கெதுக்கு' என்று தள்ளிவிடுகிறவர்கள் உண்டு. அவர்களைப் பெருந்தன்மையானவர்கள் என்று ஊர் சொல்லும். அவர்களோடு ஒரே வீட்டில் வாழ்கிறவர்களைக் கேட்டால், சமமாக நிற்க இடமே கிடைக்காத களைப்பைச் சொல்வார்கள்.

என் தோழியின் மாமாவும் அப்படிப்பட்டவர்தான். சென்ற ஆண்டு அவருக்கு ஓர் அறுவைச் சிகிச்சை தேவைப்பட்டது. அவருக்குப் பிள்ளைகள் இல்லை. பார்த்துக்கொள்ளும் பொறுப்பு என் தோழியிடம் வந்தது. மருத்துவமனைச் செலவைத் தானே கட்டிவிட வேண்டும் என்று அவளுக்கு ஆசை. கட்டிவிட்டால் பழைய கணக்கு தீர்ந்துபோகும் என்று அவள் என்னிடம் வெளிப்படையாகவே சொன்னாள். அது மட்டும்தானா என்று கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "இல்ல, மாமா நல்லா இருக்கணும்" என்றாள். இரண்டும் உண்மைதான்.

அவள் செய்தது வேறொன்று. எந்த மருத்துவர், எந்த நாள், யார் உடன் தங்குவது, செலவில் எவ்வளவை அவர் ஏற்பது, எவ்வளவை இவள் ஏற்பது என்று ஒவ்வொன்றையும் அவரிடம் கேட்டுக் கேட்டு முடிவு செய்தாள். தொடக்கத்தில் அவர் எல்லாவற்றுக்கும் மறுத்தார். பிறகு பாதிச் செலவுக்கு ஒத்துக்கொண்டார். இப்போது தேறி வீட்டுக்கு வந்துவிட்டார். பார்க்க வருகிறவர்களிடம் இன்றைக்கும், "இதான் நான் படிக்க வச்ச பொண்ணு" என்றுதான் அறிமுகப்படுத்துகிறார். அதைக் கேட்டதும் அவள் இன்னமும் முகம் மாறி வேறு வேலையைப் பார்க்கப் போய்விடுகிறாள். ஆனால் வேறு ஊரில் மறுபடி ஒரு வேலைக்கு விண்ணப்பித்திருக்கிறாள், இந்த முறை அவரிடம் தானே சொல்லிவிட்டாள். அவர் சம்பளம் எவ்வளவு என்று கேட்டாராம். போவதா வேண்டாமா என்று அவளும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.